தட்டாமல் போட்ட நாற்பது

சங்கு மாலை கோக்கும் பட்டறையில் அவளுக்குப் பெயர் ‘தட்டுக்காரி’. கட்டைவிரல் அளவே இருக்கும் கடல் சங்குகளில் துளை போடுவது அவள் வேலை. துளைக்கும் முன் ஒவ்வொன்றையும் நகத்தால் மூன்று முறை தட்டி, உள்ளே ஏதாவது அசைகிறதா என்று உற்றுப் பார்ப்பாள். எல்லாம் வேகவைத்துக் காயப்போட்டு வருபவைதான். இருபது வருஷத்தில் ஒன்றுகூட அசைந்ததில்லை.

“காலி வீட்டுக் கதவை எதுக்குக்கா தட்டுறீங்க?” என்று சூப்பர்வைசர் கேலி செய்வார்.

“உள்ள ஆள் இருந்துட்டா என்ன பண்றது தம்பி?”

இன்று அவசர ஆர்டர். “இன்னிக்கு ஒரு நாள் தட்டாம போடுங்கக்கா, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்” என்று அவர் கையெடுத்துக் கும்பிட்டதில் அவள் இளகிவிட்டாள். மனசு அடித்துக்கொள்ள, கண்ணை மூடாத குறையாக நாற்பது சங்குகளைத் துளைத்துக் கூடையில் போட்டாள்.

நாற்பத்தொன்றாவதை எடுத்ததும் விரல் ஈரமானது. சங்கின் வாயிலிருந்து, காம்பின் நுனியில் பூத்தாற்போல் இரண்டு கண்கள் நீண்டு அவளைப் பார்த்தன. வேகவைக்காததும் கலந்து வந்திருக்கிறது.

அவள் துளை போடும் இயந்திரத்தை நிறுத்தினாள். கூடையை மடியில் கவிழ்த்துக்கொண்டு, துளை போட்ட நாற்பதையும் ஒவ்வொன்றாகத் தட்டத் தொடங்கினாள், எதுவும் அசைந்துவிடக் கூடாதே என்று.