பாவு நாளில் ஷூட்டிங்

பகலில் தறி, மற்ற நேரத்தில் கட்சி நாடகம் என்று காஞ்சிபுரத்தில் நான் ஓடிக்கொண்டிருந்த காலம். கோயில் நிலத்தை விழுங்கும் தர்மகர்த்தா வேடம் ஒன்று கிடைத்தது. வசனம் ஒரே நாளில் மனப்பாடமாகிவிட்டது, நடைதான் பிடிபடவில்லை. ஒரு காலை லேசாக இழுத்து நடந்து, பேசுமுன் இரண்டு முறை கனைத்து, துண்டை உதறித் தோளில் போடும் மனிதர் ஒருவர் எங்கள் தெருவிலேயே இருந்தார். தெரு நாட்டாமை. அவரை அப்படியே எடுத்துக்கொண்டேன். நடிகனுக்கு வேறு என்ன புத்தி இருக்கும்?

மேடையில் நான் கனைத்ததுமே கூட்டம் கண்டுகொண்டது. சிரிப்பு அடங்கவே இல்லை. நாட்டாமை முன்வரிசையில் இருந்தார். ஒரு காசு திருடியறியாத மனிதர், கடைசிவரை பார்த்துவிட்டு எழுந்து போனாராம். கைதட்டல் மயக்கத்தில் நான் கவனிக்கவில்லை.

அடுத்த மாதம் எங்கள் வீட்டுப் பாவு. சேலையின் நீள இழைகளை விடியலில் தெரு நெடுக நீட்டிப் பிடித்து, கஞ்சி போட்டு, அறுந்ததை முடிந்து, வெயில் ஏறுவதற்குள் சுருட்ட வேண்டும். எட்டுப் பேராவது வேண்டும். யாரையும் கூப்பிடும் வழக்கமில்லை. நாட்டாமை வந்து முதல் கை வைப்பார், பின்னாலேயே தெரு வந்துவிடும். அன்று அவர் வரவில்லை. ஒரு கதவும் திறக்கவில்லை. நானும் என் மனைவியும் ஆளுக்கொரு முனையில் நின்றோம். நடுவில் பட்டு மண்ணைத் தொட்டது. பாதிப் பாவு பாழ்.

"போயி ஒரு வார்த்தை சொல்லிட்டு வாங்களேன். தலையில இருக்கிற கிரீடமா எறங்கிடும்?" என்றாள்.

கட்சித் தோழர்களிடம் கேட்டேன். "மன்னிப்பு கேட்டா நாடகம் சொன்னதே பொய்னு ஆயிடும் தோழர்" என்றார்கள். எனக்கும் சரியென்றே பட்டது. அவர்கள் யார் வீட்டிலும் தறி இல்லை.

கோடம்பாக்கத்தில் ஒரு அடியாள் வேடம் வந்தது. இரண்டு நாள் வேலை, ஒரே வசனம். திரும்பி வந்தால் அடுத்த பாவு அழகாகச் சுருட்டி வைத்திருந்தது.

"நீங்க ஊர்ல இல்லன்னு தெரிஞ்சதும் எல்லாரும் வந்தாங்க. அவருதான் மொதல்ல வந்தாரு" என்றாள் மனைவி, என் முகத்தைப் பார்க்காமல்.

அதிலிருந்து ஒவ்வொரு பாவுக்கும் எனக்கு ஷூட்டிங் இருந்தது. இருட்டோடு பையைத் தூக்கிக்கொண்டு போய் ஐயம்பேட்டை டீக்கடையில் உட்கார்ந்துகொள்வேன். "எந்தப் படம் சார்?" என்று கடைக்காரர் கேட்டால் வாய்க்கு வந்ததைச் சொல்வேன். மேடைக்கு மேடை உண்மை, உண்மை என்று தொண்டை கிழியக் கத்திய ஆள் நான். ஒருநாள் பொறுக்காமல் சீக்கிரமே திரும்பினேன். தெருமுனையிலிருந்து பார்த்தேன். தெருவே என் பாவைப் பிடித்துக்கொண்டு கேலி பேசிக்கொண்டிருந்தது. என் மனைவி வாய்விட்டுச் சிரித்தாள். அவள் அப்படிச் சிரித்துப் பார்த்து வெகுகாலமாகியிருந்தது. யார் கண்ணிலும் படாமல் வந்த வழியே நடந்தேன். அழுகை வந்தது.

ஆறு வருடம் போயிற்று. ஒரு சாயங்காலம் நாட்டாமை எதிரே வந்தார். வழக்கம்போல் ஒதுங்கினேன். அவர் நின்றார்.

"ஏம்பா" என்றார்.

ஆறு வருடத்தில் அவர் என்னிடம் பேசிய முதல் வார்த்தை. இப்போதே மன்னிப்பு கேட்டுவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

"நாளைக்கு உன் வூட்டுப் பாவாமே. உனக்கு ஷூட்டிங் இருக்குது இல்ல?"

"இருக்குது மாமா" என்றேன்.