ஷிஃப்ட் ஊரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மேட்ச்

1. சாவி என் பையில்

ஒரு புதன்கிழமை காலை பத்தரை மணிக்கு, எங்கள் நெய்வேலி ஸ்டேடியத்துக்கு எதிரே இருக்கும் டீக்கடையில் நின்றிருந்தபோதுதான் அந்த யோசனை வந்தது. கடையைச் சுற்றி நல்ல கூட்டம். யாருக்கும் அவசரமில்லை. நைட் ஷிஃப்ட் முடித்து இன்னும் தூங்கப் போகாதவர்கள், மதியம் செகண்ட் ஷிஃப்ட் ஏற வேண்டியவர்கள், அன்றைக்கு வார ஓய்வு விழுந்தவர்கள். பேச்சு முழுக்கக் கபடி. குள்ளஞ்சாவடிப் பக்கம் நடந்த ஒரு டோர்னமென்ட்டில் கடைசி ரெய்டில் கோட்டைத் தொட்டானா இல்லையா என்று இரண்டு பேர் சட்டையைப் பிடிக்காத குறை.

சாலையின் அந்தப் பக்கம், அரசுப் பணத்தில் புதுப்பித்த இன்டோர் ஸ்டேடியம். பூட்டியிருந்தது. சாவி என் பையில்.

வேலை நாளில், காலை பத்தரைக்கு, கபடிக்காகச் சண்டை போட இத்தனை பேர் ஓய்வாக நிற்கிற ஊர் தமிழ்நாட்டில் வேறு எங்கே இருக்கிறது? இவர்களை வெளியே நிறுத்திவிட்டு, உள்ளே காலி நாற்காலிகளுக்குக் காவல் காக்கத்தான் எனக்குச் சம்பளமா? டீயைப் பாதியில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

அந்த எரிச்சல் ஒரு நாளில் வந்ததில்லை. விளையாட்டு மேலாண்மை படித்துவிட்டு, ஸ்டேடியம் ஒன்று கிடைத்தால் போதும், ஊரையே மாற்றிவிடலாம் என்று கிளம்பும் தம்பி தங்கைகளுக்காக இதை எழுதுகிறேன். நானும் அப்படிக் கிளம்பியவள்தான். அறிவுரை சொல்லும் வயது எனக்கு இல்லை. ஆனால் ஒரு ஸ்டேடியம் எப்படி வீணாகிறது என்பதைப் பக்கத்தில் நின்று பார்க்கும் வேலை எனக்குக் கிடைத்தது.

2. ஐஸ் பாத்

ஸ்டேடியத்தை நடத்துவது ஒரு கமிட்டி. நான் அதன் வென்யூ எக்ஸிக்யூட்டிவ், கான்ட்ராக்டில். செயலாளர் ராமலிங்கம் சார் எங்கள் ஊர் அனல்மின் நிலையத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். சம்பளம் வாங்காமல் இந்தப் பொறுப்பைப் பார்க்கிறார். முதல் நாள் அவரே அழைத்துக்கொண்டு போய்ச் சுற்றிக் காட்டினார்.

"இதான்மா வி.ஐ.பி. பாக்ஸ். இது பிளேயர்ஸ் ரூம். இது ஐஸ் பாத்."

"ஐஸ் பாத்தா சார்?"

"லீக்காரங்க கேட்டாங்க. ஆடி முடிச்சதும் ஐஸ் தண்ணியில எறங்கி உக்காருவாங்களாம்."

"பொண்ணுங்க டாய்லெட் எங்க சார்?"

"அது அடுத்த ஃபேஸ்ல வருது."

லீக் என்று அவர் சொன்னது வெளியூர் முதலாளிகள் நடத்தும் ஒரு ஃப்ரான்சைஸ் கபடி லீக். வருஷா வருஷம் இங்கே வந்து ஆடுவோம், லாட்ஜ் நிறையும், கடைகளுக்கு வியாபாரம் ஆகும், டி.வி.யில் ஊர்ப் பெயர் வரும் என்று சொல்லியிருந்தார்கள். அதை நம்பித்தான் மேட், லைட், பக்கெட் சீட் எல்லாம் பொதுப் பணத்தில் வந்தன. லீக்குக்கு நாங்கள் போட்ட வாடகை, வடலூரில் ஒரு கல்யாண மண்டபம் கேட்கும் வாடகையைவிடக் குறைவு.

படித்த சூடு எனக்கு. "சார், செலவு நம்மளது, டிக்கெட், டி.வி., விளம்பரம் எல்லாம் அவங்களதா?" என்று கேட்டேன்.

"நாம தரலேன்னா வேற ஊரு தரும்மா. க்யூல நிக்கிறாங்க" என்றார்.

எந்த ஊர் க்யூவில் நின்றது என்று நான் விசாரிக்கவில்லை. வேறு ஊர் ஸ்டேடியக்காரர்களிடம் பிற்பாடு பேசிப் பார்த்தேன். அவர்களிடமும் இதே வாக்கியத்தைத்தான் சொல்லியிருக்கிறார்கள். அவர்களுக்கு, க்யூவில் நின்ற அந்த வேறு ஊர் நாங்கள்.

3. எழுந்து போன கேலரி

லீக்கின் ஆபரேஷன்ஸ் மேனேஜர் நிர்மல் சென்னையிலிருந்து வந்தார். நல்ல மனிதர், ஆனால் லேப்டாப்பைத் தவிர எதையும் பார்க்க மாட்டார். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் இரண்டு மேட்ச் என்று அட்டவணை போட்டிருந்தார்.

"நிர்மல், இந்த ஊர்ல ஞாயித்துக்கிழமைன்னு ஒண்ணு கிடையாது."

"என்னது?"

"நிலக்கரி மைன்ஸும் கரண்ட் பிளான்ட்டும் ஞாயித்துக்கிழமை நிக்காது. எங்கப்பா இந்த ஞாயிறு செகண்ட் ஷிஃப்ட். மத்தியானம் போனா ராத்திரிதான் வருவார். நைட் ஷிஃப்ட்காரங்களுக்கு ஒன்பது மணிக்கு பஸ். காலை ஷிஃப்ட்காரங்க விடியறதுக்குள்ள எழுந்திரிக்கணும். யார் வருவா?"

"யாழினி, சண்டே ஈவினிங் எல்லா ஊர்லயும் பிரைம் டைம்ங்க. டேட்டா அதான் சொல்லுது."

எங்கள் வீட்டில் தீபாவளியையே அப்பாவின் ஷிஃப்டைப் பார்த்துத்தான் கொண்டாடுவோம். அதை எந்த டேட்டாவில் ஏற்றுவது?

மேட்ச் அன்று காலை ஒரு லாரியில் டீசல் ஜெனரேட்டர் வந்து இறங்கியது. ஒளிபரப்புக்கு அதுதான் பாதுகாப்பாம். வாசலில் நின்ற செக்யூரிட்டி அதைச் சுற்றிச் சுற்றி வந்தார். "ஊருக்கெல்லாம் கரண்ட் அனுப்புறோம், நம்ம வூட்டுக் கல்யாணத்துக்கு டீசலா?" என்றார். சாப்பாடு சென்னை கேட்டரிங். வீரர்கள் தங்கியது பாண்டிச்சேரியில். நிறையும் என்று சொன்ன லாட்ஜில் லைட்டைக் கட்டும் நாலு பேர் தங்கினார்கள்.

கேட்டில் நின்றேன். டிக்கெட் கவுன்டருக்கு வந்தவர்கள் எல்லாரும் ஒரே கேள்விதான் கேட்டார்கள்: "பாஸ் இருக்கா மேடம்?" தெரிந்த ஒருவருக்குப் பாஸ் கிடைத்திருந்தது. அதனால் தனக்கும் எங்கேயோ ஒரு பாஸ் இருக்கும் என்று ஒவ்வொருவரும் நம்பினார்கள். கமிட்டி பாஸ்கள் ஆபீஸ் ஆபீஸாகப் பர்மனென்ட் ஆட்களுக்குப் போயிருந்தன. கான்ட்ராக்ட் ஆட்கள் வெளியே நின்று ஸ்பீக்கர் சத்தத்தில் மேட்ச் கேட்டார்கள்.

ஆனாலும் முதல் மேட்சுக்குக் கேலரி நிறைந்தது. நிர்மல் என்னைப் பார்த்துக் கட்டை விரலை உயர்த்தினார். இரண்டாவதுதான் அன்றைய பெரிய மேட்ச். அது தொடங்கிய கொஞ்ச நேரத்தில் வெளியே ஷிஃப்ட் பஸ் ஹாரன் அடித்தது. ஒரு கேலரி மொத்தமும் டிஃபன் பாக்ஸ் பையோடு எழுந்தது. ரெய்டர் கோட்டைத் தாண்டிப் பாடிக்கொண்டிருக்கிறார், ஜனங்கள் "தள்ளுங்க, தள்ளுங்க" என்று படியிறங்குகிறார்கள். அவர்களைப் பார்த்துக் காலை ஷிஃப்ட்காரர்களும் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார்கள்.

"ஏன் போறாங்க? ஸ்கோர் லெவல்ல இருக்கு!" என்று நிர்மல் தலையில் கை வைத்தார்.

"வேலைக்குப் போறாங்க நிர்மல்."

மிச்சமிருந்தவர்களைக் கேமராவுக்கு எதிர்ப்பக்கம் மாற்றி உட்கார வைக்கச் சொன்னார். வைத்தேன். அந்த வேலையையும் நான்தான் செய்தேன்.

சில வாரங்களில் லீக்கிலிருந்து மெயில் வந்தது. நெய்வேலி தற்போதைக்குக் கபடி மார்க்கெட் இல்லை, பிறகு பரிசீலிப்போம் என்று. கடலூர் மாவட்டத்தில் உட்கார்ந்துகொண்டு அதைப் படித்தேன். இங்கே திருவிழா இல்லாத ஊர்கூட இருக்கலாம், கபடி டீம் இல்லாத ஊர் இருக்காது.

4. மூட்டு

லீக் போனதும் ராமலிங்கம் சார் ஸ்டேடியத்தைப் பூட்டச் சொன்னார். அடுத்த சீசனுக்கு மேட் புதுசாக இருக்க வேண்டுமாம். இதில் நேராக அடிபட்டவர் புஷ்பா அக்கா.

அக்கா ஒரு தனியார் பள்ளியில் பி.டி. டீச்சர். ஒரு காலத்தில் மாநில அணிக்கு ஆடியவர். சுற்று ஊர்களிலிருந்து வரும் பெண்களுக்கு இந்த ஹாலில்தான் காலையில் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார். புதுப்பிப்பதற்கு முன்பு இங்கே இருந்தது கிழிந்த பழைய மேட். ஆனால் கதவு திறந்திருந்தது. புதுப்பித்த பிறகு அவர்களுக்குக் கிடைத்தது பள்ளிக்குப் பின்னால் இருக்கும் மண் தரை.

என்னை எங்கே பார்த்தாலும் விட மாட்டார். "இன்னா யாழினி, ஒங்க ஸ்டேடியத்துல எலிங்க நல்லா பிராக்டிஸ் எடுத்துகினு இருக்குதா?"

"அக்கா, நான் கேட்டுட்டேதான் இருக்கேன்..."

"கேட்டுகினே இரு. நாங்க மண்ணு தின்னுகினே இருக்கோம்."

இந்து என்றொரு பெண், வளையமாதேவியிலிருந்து வருபவள். அக்கா டீமில் முதல் ரெய்டர். விளையாட்டு விடுதிக்கான செலக்‌ஷனுக்கு அவளுக்கு அழைப்பு வந்திருந்தது. கிடைத்தால் தங்குமிடம், சாப்பாடு, காலேஜ் எல்லாம் ஆகிவிடும். கிடைக்காவிட்டால் பண்ருட்டியில் முந்திரிக் கம்பெனி வேலைக்குப் பேசி வைத்திருக்கிறார்கள். செலக்‌ஷன் மேட்டில்தான் நடக்கும்.

பழகிக்கொள்ளட்டும் என்று அக்கா அவளை வெளியூரில் ஒரு மேட் டோர்னமென்ட்டுக்குக் கூட்டிப் போனார். நானும் போனேன். இரண்டாவது ரெய்டில் இந்து இடது காலை ஊன்றித் திரும்பினாள். மண்ணாக இருந்தால் கால் சறுக்கிக்கொண்டு கூடவே திரும்பியிருக்கும். மேட்டில் ஷூ ஒட்டிக்கொண்டது. உடம்பு மட்டும் திரும்பியது. முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். பெரிய காயமில்லை, ரெஸ்ட் எடுத்தால் சரியாகிவிடும் என்றார் டாக்டர். திரும்பி வரும் பஸ் வடலூரைத் தாண்டியதும் அக்கா சொன்னார்:

"மேட் தேஞ்சிடும்னு பூட்டி வெச்சிகினு இருக்கீங்க. இவ மூட்டு தேஞ்சா எந்தக் கமிட்டி புதுசு போடும்?"

இந்து ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். நான் தொடக்கத்தில் சொன்ன டீக்கடைப் புதன்கிழமை, அதற்கு அடுத்த புதன்கிழமை.

5. நாலு புதன்கிழமை

டீயை வைத்துவிட்டு நேராக ராமலிங்கம் சாரிடம் போனேன்.

"சார், மத்த ஊர்ல ஸ்டேடியம் வாரம் பூரா காலியா இருக்கும். ஜனங்க வேலைக்குப் போயிடுவாங்க. நம்ம ஊர்ல எந்த நேரத்துலயும் ஊர்ல ஒரு பங்கு சும்மா இருக்கு. நைட் ஷிஃப்டுக்கும் செகண்ட் ஷிஃப்டுக்கும் காலையில மேட்ச் வைக்கலாம். ஷிஃப்ட் லீக். பொண்ணுங்களுக்குக் காலை ஆறு மணியிலேர்ந்து மேட்."

"லீக் திரும்பி வந்தா?"

"வரலேன்னா சார்?"

"வந்தா?"

"வரலேன்னா?"

"இதென்னம்மா, குழந்தை மாதிரி!"

"நீங்க எந்த ஷிஃப்ட் பாத்தீங்க சார், சர்வீஸ்ல?"

"எல்லா ஷிஃப்டும்தான். இருபது வருஷம்."

"அப்ப நிர்மல் ஞாயித்துக்கிழமை சாயங்காலம் மேட்ச்னு சொன்னப்ப ஏன் சார் சும்மா இருந்தீங்க?"

கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "டி.வி.ல ஊர் பேர் வரும்னு நெனச்சேன்மா" என்றார். அதற்கு மேல் அவரைக் குடைய எனக்கு மனம் வரவில்லை.

அரை மணி நேர வாக்குவாதத்துக்குப் பிறகு நாலு புதன்கிழமை கொடுத்தார். கரண்டுக்கும் பெருக்குவதற்கும் ஆகும் செலவு கேட்டிலேயே வந்துவிட வேண்டும். வராவிட்டால் ஐந்தாவது புதன்கிழமை பூட்டு. வந்தால் தொடரலாம். சரி என்றேன். இந்துவின் செலக்‌ஷன் நாலாவது புதனுக்கு அடுத்த வாரம்.

டீக்கடையில் போய்ச் சொன்னேன். முதல் கேள்வி ஒரு கான்ட்ராக்ட் தொழிலாளியிடமிருந்து: "பர்மனென்ட்டுக்கு மட்டுங்களா, எங்களுக்கும் உண்டா?"

"டீமுக்கு மூணு பேராவது கான்ட்ராக்ட் இருக்கணும். அதான் ரூல்."

"மூணு போதாது மேடம். ஆடறவன் பூரா நாங்கதான். அவங்கள வெச்சா தொந்தி கோட்டத் தாண்டிடும்."

பர்மனென்ட் பக்கமிருந்து ஒரு அண்ணன் எழுந்து சட்டைக் கையை மடித்தார். எனக்கு விளம்பரமே தேவைப்படவில்லை.

பாஸ் கிடையாது. வி.ஐ.பி. பாக்ஸும் கிடையாது, அங்கே தாய்மார்கள் குழந்தைகளோடு உட்காரட்டும். எல்லாருக்கும் ஒரே டிக்கெட், டவுன் பஸ் கட்டணம். "எனக்குமா?" என்றார் ராமலிங்கம் சார். ஆமாம் என்றேன். முறைத்துவிட்டு முதல் டிக்கெட்டை அவரே வாங்கினார்.

இத்தனை அலைச்சலில் எனக்குப் புரிந்தது இவ்வளவுதான். ஸ்டேடியம் கட்டுவதற்கு முன், யார் வந்து ஆடப் போகிறார்கள் என்று கேட்கிறோம். வாரத்தின் மற்ற நாட்களில் கதவை யாருக்குத் திறப்போம் என்று கேட்பதில்லை. வந்து ஆடுகிறவர்கள் போய்விடுவார்கள், அது அவர்கள் தொழில். கட்டிடமும் கரண்ட் பில்லும் ஊரோடு இருக்கும். உங்கள் ஊர் என்றைக்கு, எத்தனை மணிக்கு ஓய்வாக இருக்கிறது என்று முதலில் பாருங்கள். அதைச் சென்னையிலிருந்து வரும் லேப்டாப்பிடம் கேட்காதீர்கள்.

இது ஓடுமா என்று எனக்குத் தெரியாது. நம்ம பையன் ஆடுவதைப் பார்க்க டிக்கெட்டா என்று ஜனங்கள் திரும்பிப் போகலாம். நைட் ஷிஃப்ட் டீம் தூங்கி விழலாம். நேற்று மேட்டை விரித்து, அதன் துண்டுகளை ஒன்றோடொன்று கோத்து, ஓரங்களைத் தட்டிச் சமன் செய்துகொண்டிருந்தோம். இந்து முழங்காலில் பட்டையோடு மெதுவாக நடந்து பார்த்தாள், காலை ஊன்றித் திரும்பிப் பார்த்தாள், மறுபடி திரும்பினாள். நான் கேலரியையும் கதவையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"இன்னா மூஞ்ச தூக்கி வெச்சிகினு இருக்க?" என்றார் புஷ்பா அக்கா.

"கூட்டம் வரலேன்னா என்னக்கா பண்றது?"

"வரலேன்னா இன்னும் நல்லது. மதியம் வரைக்கும் மேட் பூரா எங்களுக்குத்தான்."

என் மொத்தத் திட்டத்தையும் இதைவிடச் சுருக்கமாக யாரும் கேலி செய்ததில்லை. கோபம்தான் வந்தது. ஆனால் இந்துவின் செலக்‌ஷன் வரைக்கும் மேட் கிடைத்தால் அவருக்கு நாலு புதன்கிழமை போதும், ஐந்தாவது புதனும் கதவு திறக்க வேண்டுமென்றால் நான்தான் ஜனங்களைக் கொண்டுவர வேண்டும். நாளை புதன். ஆறு மணிக்குப் பெண்கள் பயிற்சி, பத்து மணிக்கு அவர்கள் ஆடும் முதல் மேட்ச், அது முடிந்ததும் நைட் ஷிஃப்டும் செகண்ட் ஷிஃப்டும். ஷிஃப்ட் பஸ் ஏற வேண்டியவர்களை ஒரு மணிக்கெல்லாம் வெளியே விட்டுவிடுவேன்.