கடைமடை இல்லாத ரயில்

"அடுத்த நிறுத்தம் கீழவாசல். கதவுகள் இடப்பக்கம் திறக்கும். இடைவெளியைக் கவனிச்சு இறங்கவும்."

அறிவிப்பவர் அடைக்கலசாமி. அறிவிக்கப்படும் இடம் கதவே இல்லாத ஒரு டவுன் பஸ். படிக்கட்டில் ஒன்பது பேர் தொங்குகிறார்கள். இடைவெளியைக் கவனிக்கிற நிலையில் அவர்களில் ஒருவரும் இல்லை. கவனித்தால் விழுந்துவிடுவார்கள். கண்டக்டர் கூட்டத்துக்குள்ளிருந்து தலையை மட்டும் நீட்டி, "பெரியவரே, விசில் அடிக்கிறது நானு, ஸ்டாப்பிங் சொல்றது நீங்களா?" என்று கேட்கிறார். அடைக்கலசாமி அசரமாட்டார். "சனங்க பழகிக்கிடட்டும் தம்பி. நாளைக்கே ரயிலு வந்து நின்னா மெரண்டுறக் கூடாதுல்ல?"

எந்த ரயில் என்று கேட்கிறவர் ஊருக்குப் புதியவராக இருக்க வேண்டும். தஞ்சாவூருக்கு அடியில், தரையிலிருந்து நாற்பது அடி ஆழத்தில், பதினோரு நிலையங்களோடு நகரை வட்டமாகச் சுற்றிவரப் போகிற ரயில் அது. அதற்காக இதுவரை யாரும் ஒரு கூடை மண்கூட அள்ளவில்லை. அள்ளப்போவதாகச் சொன்னவரும் இல்லை. ஆனால் அடைக்கலசாமி ஆறு வருடமாக அந்த ரயிலில்தான் ஏறி இறங்கிக்கொண்டிருக்கிறார்.

பூதலூர்ப் பக்கத்து ஆள். வயது அறுபத்தாறு. காலைப் பாசஞ்சரில் வந்து ரயிலடியில் இறங்குவார். மடித்துக் கட்டிய வேட்டி, பித்தான் கழுத்துவரை போட்ட முழுக்கைச் சட்டை, பையில் இரண்டு பேனா. ஒன்று எழுதுவதற்கு. மற்றொன்று எழுதாது, இருந்தாலும் இருக்கும். அக்குளில் சுருட்டிய வரைபடம். பங்குக் கோயில் காலண்டரின் பின்பக்கத்தில் வரைந்தது. பிரித்துக் காட்டும்போது அவசரத்தில் சில சமயம் மாதா படம் முன்னால் வந்துவிடும். "அம்மா, சித்த பொறுத்துக்கங்க" என்று சொல்லிவிட்டுத் திருப்புவார்.

வரைபடத்தில் வட்டம் அச்சாக இருக்கும். அதன் ரகசியத்தை அவர் மனைவி அமலோற்பவம் எனக்குச் சொன்னார். "என் சோத்துத் தட்டக் கவுத்து வச்சு கோடு போட்டாருங்க. அன்னேலருந்து அதுல என்னைச் சாப்புட விட மாட்டேங்கறாரு. அளவு போயிருமாம்." தட்டு ஒழுங்காக இருப்பதால் ஊர்தான் அதற்கேற்ப வளைய வேண்டியிருந்தது. தெற்கு வீதியில் பாதி வட்டத்துக்கு வெளியே விழுந்துவிட்டதே என்று காட்டினேன். உற்றுப் பார்த்துவிட்டு, "வட்டம் சரியாத்தான் இருக்கு தம்பி. வீதிதான் கோணலா போட்டுருக்கான்" என்றார். அந்த வீதியைப் போட்டவர்கள் மேல் அவருக்கு இன்றுவரை வருத்தம் உண்டு.

ரயிலடிக்குக் கீழே வரப்போகிற நிலையத்தைப் பற்றி அவர் பேசிக் கேட்க வேண்டும். நேற்றுத்தான் அங்கே உட்கார்ந்து டீ குடித்துவிட்டு வந்தவர் மாதிரி பேசுவார். நகரும் படியில் ஏறும்போது முந்தானையை இடுப்பில் சொருகிக்கொள்ளச் சொல்லி ஒரு போர்டு. வெற்றிலை எச்சிலுக்குத் தனித் தொட்டி. "இல்லேன்னா ஒரே வாரத்துல செவுத்தச் செவப்பாக்கிருவானுங்க." மேலே கத்திரி வெயில் கொளுத்தும்போது கீழே மார்கழி மாதம். கல்யாண சீசனில் சீர்வரிசைத் தட்டோடு வருகிறவர்களுக்குத் தனிப் பெட்டி. பெரிய கோயிலுக்கு அடியில் போகாது, அகழியைச் சுற்றி ஒதுங்கித்தான் போகும். ஊருக்குள் ஓடுகிற புது ஆற்றுக்கு அடியில் மட்டும் போயே தீர வேண்டும். தண்ணீர் கசிந்தால் என்ன செய்வீர்கள் என்று ஒருமுறை கேட்டுவிட்டேன். ஐயோ, அந்த மனிதருக்கு வந்த கோபம்! "யாரைப் பாத்து கசிவுங்கறீங்க? முப்பத்தோரு வருஷம் கசிவோட குடும்பம் நடத்துனவன் நான்!"

அது உண்மை. அவர் பாசனத் துறையில் லஸ்கராக இருந்து ஓய்வு பெற்றவர். மதகின் ஷட்டரை ஏற்றி இறக்கி, எந்த வாய்க்காலுக்கு எத்தனை நாள் தண்ணீர் என்ற முறையைக் காப்பது வேலை. அவர் காத்த கிளை வாய்க்காலின் தலைமடையில் இருந்தவர்கள் இளநீர் வெட்டிக் கொடுத்தார்கள். கடைமடையில், தண்ணீர் கடைசியாகப் போய்ச் சேர வேண்டிய, பல வருடம் போய்ச் சேராத ஒதியந்திடலில், அவர் பெயரைச் சொல்லி மண்ணை வாரித் தூற்றினார்கள். "நானா தம்பி நிறுத்துனேன்? மேல உத்தரவு. இறக்குன்னா இறக்கணும். ஆனா அவுங்க மூஞ்சியப் பாத்துக்கிட்டு இறக்குனது இந்தக் கைதானே?" இதைச் சொல்லும்போது மட்டும் அவர் குரலில் ரயில் இருக்காது.

ஓய்வு பெற்ற வருடம் சென்னைக்கு மகள் லின்சி வீட்டுக்குப் போனவரை மருமகன் மெட்ரோவில் ஏற்றிவிட்டார். குளுகுளுவென்று போனது. கடைசி நிலையத்தில் எல்லாரையும் இறங்கச் சொல்லிவிட்டார்கள். "அடச்சே, இதுலயுமா கடைமடை?" என்று நொந்துபோனார். அன்று மாலை மருமகன் செல்போனில் ஏதோ ஒரு வெளிநாட்டு நகரத்தின் சுரங்க ரயிலைக் காட்டினார். வட்டமாக ஓடுகிற ரயில். முதல் நிலையமும் இல்லை, கடைசி நிலையமும் இல்லை. அடைக்கலசாமி அதைப் பதினேழு தடவை போடச் சொல்லிப் பார்த்தாராம். "வட்டத்துல தலைமடை கடைமடை கெடையாது தம்பி. எங்க நின்னாலும் வண்டி வரும். எவனும் எவனுக்கும் அப்பறம் இல்ல. முறை வைக்கவே வேண்டாம்!" ஊருக்குத் திரும்பியதும் முதல் காரியமாக மனைவியின் தட்டைக் கேட்டு வாங்கினார்.

எங்கள் நகரில் பஸ் வழித்தடங்களைப் பார்த்துக்கொள்ள மாநகர் எளிய பயணக் குழு என்று ஒன்று உண்டு. மாதத்தின் இரண்டாவது புதன்கிழமை கூடும். டீ வரும், முறுக்கு வரும், மனுக்களும் வரும். டீயும் முறுக்கும் தீர்ந்துவிடும். அடைக்கலசாமி அங்கே கொடுத்த மனுக்கள் அறுபத்தெட்டு. சுரங்கம் என்ற சொல்லைப் பார்த்ததும் முதல் மனுவை யாரோ கனிமக் கோப்பில் சேர்த்துவிட்டார்கள். "தாங்கள் குறிப்பிட்ட இடத்தில் கனிம வளம் ஏதும் கண்டறியப்படவில்லை" என்று பதில் வந்தது. அவர் மனம் தளரவில்லை. "பாத்தீங்களா, தோண்டிப் பாத்துருக்கானுங்க!" என்று என்னிடம் காட்டினார்.

இங்கே என் பங்கையும் சொல்லியாக வேண்டும். அவர் மனுக்களில் ஒற்றுப்பிழை திருத்திக் கொடுத்தவன் நான்தான். அறுபத்தெட்டாவது மனுவைத் திருத்தும்போது, மனிதர் பாவம், எதையாவது ஒன்றைக் கண்ணால் பார்த்துவிட்டுப் போகட்டுமே என்று, கடைசியில் ஒரு வரியை நானே சேர்த்தேன்: "சுரங்கம் தோண்டப்படும் வரை, இவ்வட்டப் பாதையில் தரை மார்க்கமாகவேனும் ஒரு வண்டி இயக்குமாறு வேண்டுகிறோம்." கை சும்மா இருந்திருக்கலாம். எழுத்து வேலை செய்கிறவர்களுக்குக் கை சும்மா இருப்பதில்லை.

குழுவின் செயலர் தமிழ்மாறன் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டார். அவர் இரண்டு பேரிடம் பேசினாலும் எதிரே இரண்டாயிரம் பேர் இருப்பதாக நினைத்துக்கொள்கிறவர். குழு எதையும் செய்வதில்லை என்று பேச்சு கிளம்பியிருந்த சமயம் அது. "ஐயா அவர்களின் தொலைநோக்கை இந்த மாதமே நனவாக்குகிறோம்" என்றார். ஒரு மினி பஸ். பெயர் நகர் வட்டம். பதினோரு நிறுத்தம். அடைக்கலசாமி அன்று என் வீட்டு வாசலில் வந்து நின்று என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "மொதல்ல மேல ஓடட்டும். அப்பறம் கீழ எறக்கிக்கலாம்" என்றார். எனக்கும் சந்தோஷம்தான். வண்டி எங்கேயிருந்து வருகிறது என்று நான் கேட்கவில்லை. அவரும் கேட்கவில்லை.

தொடக்க விழா பழைய பேருந்து நிலையத்தில், காலை ஒன்பது மணிக்கு. இரண்டு வாழை மரம், ரிப்பன், மைக். கழுவி நிறுத்திய மினி பஸ்ஸின் நெற்றியில், 'நகர் வட்டம்' என்று பெரிய எழுத்தில் அச்சடித்த தாளை ஒட்டியிருந்தார்கள். தமிழ்மாறன் அரை மணி நேரம் பேசினார். அடைக்கலசாமிக்குப் பொன்னாடை போர்த்தினார். முன் சீட்டில் அவரை உட்காரவைத்து வண்டி கிளம்பியது. கீழவாசல், வடக்கு வீதி, மேலவீதி என்று சுற்றி, நாற்பது நிமிடத்தில் புறப்பட்ட இடத்துக்கே வந்து நின்றது. இப்படி எங்கும் போகாமல் திரும்பி வந்ததற்கு எல்லாரும் கை தட்டினார்கள். நானும் தட்டினேன். அடைக்கலசாமியின் கண் கலங்கியிருந்தது. "எறங்கு எறங்குன்னு எவனும் சொல்லல பாத்தீங்களா?" என்றார்.

அப்போது ஒரு பெண் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வண்டிக்கு முன்னால் வந்து நின்றார். நாற்பத்தைந்து வயது இருக்கும். கூடவே கல்லூரிப் பையோடு அவர் மகள்.

"டிரைவர் தம்பி, எங்க வண்டி எங்கய்யா?"

டிரைவர் லியோ ஸ்டியரிங்கைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: "இதான்க்கா அது. இனிமே டவுனுக்குள்ளதான் ஓட்டச் சொல்லிட்டாங்க."

"இதா? ஆறே முக்காலுலேருந்து ரோட்டுலயே நிக்கிறோம். ஏழாச்சு, எட்டாச்சு, வண்டியக் காணும். அப்பறம் தேங்கா லோடு ஏத்திக்கிட்டுப் போன வண்டிக்காரன்கிட்ட கெஞ்சி ஏறி வந்தோம். வானதிக்கு ஒம்பதரைக்குப் பரிச்ச. இப்ப மணி என்னாங்க?"

பத்தேகால்.

"நான் போறேம்மா, கேட்டுப் பாக்குறேன்" என்றாள் வானதி. உள்ளே விடமாட்டார்கள் என்று அவளுக்கும் தெரிந்திருந்தது. ஹால் டிக்கெட்டை நான்காக மடித்துக் கையில் வைத்திருந்தாள். "நாளைக்கு ஒரு பரிச்ச இருக்கு. வெள்ளிக்கிழம ஒண்ணு இருக்கு. அதுக்கு எப்புடிம்மா வர்றது?"

தமிழ்மாறன் மைக்கை அணைக்க மறந்துவிட்டார். அதனால் அவர் சொன்னது பேருந்து நிலையம் முழுக்கக் கேட்டது: "அம்மா, உங்க ஒதியந்திடல் வழித்தடத்துல பயணிகள் ரொம்பக் குறைவு. கடைசி ஊர். அந்த ஒரு வண்டியை இங்க திருப்பினா ஆயிரக்கணக்கான மக்கள் பயனடையறாங்க. நீங்க ஒரு மனு கொடுங்க, அடுத்த மாசக் கூட்டத்துல பரிசீலிக்கிறோம்."

பொன்னாடையோடு படியில் இறங்கிக்கொண்டிருந்த அடைக்கலசாமி, ஊரின் பெயரைக் கேட்டதும் நின்றார். அந்தப் பெண் அவரை ஏறிட்டுப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார்.

"நீங்க லஸ்கர் அடைக்கலசாமிதானே?"

"ஆமாம்மா."

"நான் ஒதியந்திடல் பூவம்மாள். இவ கைக்குழந்தையா இருக்கறப்ப எங்க சனமெல்லாம் மதகுக்கு வந்து நின்னோம். பயிரு கதிர் தள்ளுற நேரம், ஒரு நாளைக்குத் தண்ணி விடுங்கன்னு கேட்டோம். மேல உத்தரவு, நான் என்னா பண்ணட்டும்னீங்க. சரி, வயித்துப் பொழப்புக்காரரு, பாவம்னு திரும்பிப் போயிட்டோம்." ஒரு மூச்சு விட்டார். "அன்னிக்கித் தண்ணிய அடைச்சீங்க. இன்னிக்கி வண்டியையும் அடைச்சிட்டீங்க. இதுக்கு யாருங்க உத்தரவு?"

அடைக்கலசாமி கடைசிப் படியிலிருந்து கீழே இறங்கினார். என் பக்கம் திரும்பினார். நான் வாழை மரத்தைப் பார்த்தேன். வெட்கமாக இருந்தது எனக்கு. அந்த வரியை எழுதிய கையை எங்கே வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

தமிழ்மாறன் நிலைமையைச் சமாளிக்க, "வாங்கய்யா, எல்லாரும் வண்டிக்கு முன்னால ஒரு போட்டோ எடுத்துக்குவோம்" என்று கூப்பிட்டார். போட்டோக்காரர் எல்லாரையும் நெருங்கி நிற்கச் சொன்னார். அடைக்கலசாமியும் வண்டிக்கு முன்னால் வந்தார். ஆனால் கேமராவுக்கு முதுகைக் காட்டி நின்றார். தோளிலிருந்த பொன்னாடையை உருவினார். மேடை நாற்காலியில் இருந்த தண்ணீர் பாட்டிலைத் திறந்து அதன்மேல் கவிழ்த்தார். பம்பரில் ஒரு காலை ஊன்றி ஏறி, நனைந்த பொன்னாடையால் 'நகர் வட்டம்' என்ற தாளை அழுத்தித் தேய்க்கத் தொடங்கினார். காலையில் தடவிய மைதாப் பசை இன்னும் காயவில்லை. "ஐயா, ஐயா, என்ன பண்றீங்க" என்று மைக்கில் குரல் கேட்டது. அவர் திரும்பவில்லை. தாள் சுருண்டு சுருண்டு விழுந்தது. முதலில் பழைய பெயின்டில் 'ஒ' தெரிந்தது. கிழியாமல் ஒட்டியிருந்த துண்டுகளைக் கட்டைவிரல் நகத்தால் சுரண்டினார். 'ஒதி' தெரிந்தது. சரிகை நூல் பிரிந்து தொங்கிய அந்தத் துணியை உதறி மடித்து, மறு பக்கத்தால் மீண்டும் தேய்த்தார்.