ரேடியோ மேல் ஒரு கிண்ணம் தண்ணீர்

கத்தி என் தொண்டைக் குழியை விட்டு மேலே எழுந்து, மூக்குக்கு நேராக அந்தரத்தில் நின்றது. பாதி முகத்தில் நுரை, பாதி முகம் வழவழப்பு. "மூச்சு விடாதீங்க சார், பாக்ஸுக்குள்ள போயிட்டான்" என்றார் ரெஃப்ரீ. எங்கோ ஒரு தேசத்தில் எவனோ பந்தோடு ஓடுவதற்கும் நான் மூச்சு விடுவதற்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம்தான். ஆனால் முகத்துக்கு மேல் கத்தி நிற்கும்போது யாரும் தர்க்கம் பேசுவதில்லை. பந்து வெளியே போயிற்று. கத்தி இறங்கி, விட்ட இடத்திலிருந்து வேலையைத் தொடர்ந்தது.

ரேடியோவில் வெளிநாட்டுக் கால்பந்து நேரடி வர்ணனை ஓடும் நாட்களில் அவருடைய சலூனில் இதுதான் சட்டம். ஆட்டம் சூடு பிடித்தால் கத்தி மேலே போக வேண்டும். ஆபத்து நீங்கிய பிறகுதான் கீழே வரும். "முப்பது வருஷத்துல ஒரு கீறல் உண்டா? யாரை வேணா கேளுங்க" என்பார். உண்மைதான், ஒரு கீறல் கிடையாது. கத்தியைத் தூக்கி நிற்கும் அந்தக் கோலத்தைப் பார்த்து, சிவப்பு அட்டை காட்டும் நடுவர் மாதிரி இருக்கிறார் என்று எவனோ ஒருவன் 'ரெஃப்ரீ' என்று பெயர் வைத்துவிட்டான். அம்மா அப்பா வைத்த பெயர் வீட்டுக்குள்ளேயே தங்கிவிட்டது.

ஒல்லியான மனிதர். வயது ஐம்பத்தெட்டு. ஊரார் தலையையெல்லாம் சித்திரம் போல வெட்டிவிடும் அவர், தன் தலையை மட்டும் தானே வெட்டிக்கொள்வார். அது பார்த்தாலே தெரியும். கடையில் எதிரும் புதிருமாக இரண்டு பெரிய கண்ணாடிகள், இரண்டு சுழல் நாற்காலிகள். அதில் ஒன்று இறங்கும், ஏறாது. ஆட்டம் எந்தெந்தத் தேதி, எத்தனை மணிக்கு என்பதைக் கண்ணாடியின் மூலையில் சோப்புக்கட்டியால் எழுதி வைத்திருப்பார். அந்த நாடுகளில் சாயங்காலம் என்றால் நமக்கு மத்தியானம். அந்த நேரத்தில் யாராவது வந்து கடிகாரத்தைப் பார்த்துவிட்டால் போச்சு. "அவசரம்னா அடுத்த தெருவுக்குப் போங்க. அங்க டிவி வச்சிருக்கான். கலர்லயே கழுத்த அறுப்பான்."

ஏன் ரெஃப்ரீ, நீங்களும் ஒரு டிவி வாங்கி மாட்டக்கூடாதா என்று ஒருமுறை கேட்டேன். என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "கண்ணு டிவியில இருந்தா கைய யாரு பார்க்கறது? காது சும்மாத்தானே சார் இருக்கு, அதுக்கு ஒரு வேலை குடுத்தேன்."

ரேடியோ மரப்பெட்டி ரகம். சத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் குமிழ் எப்போதோ தொலைந்து, அந்த இடத்தில் ஒரு பற்பசை மூடி உட்கார்ந்திருக்கிறது. வர்ணனை ஆங்கிலத்தில் வரும். ஆங்கிலத்தில் அவருக்குக் கால்பந்து மட்டும்தான் தெரியும். தபால்காரர் ஆங்கிலத்தில் ஒரு முகவரி கேட்டால் என்னைக் கைகாட்டிவிடுவார். ஆனால் ஆட்டத்தைத் தமிழில் சொல்ல ஆரம்பித்தாரென்றால் அப்படியே கேட்டுக்கொண்டிருக்கலாம். "ஆஃப்சைடுன்னா ஒண்ணுமில்ல சார். வீட்டுக்காரன் கதவத் தொறக்கறதுக்கு முன்னாடியே உள்ள போய் சோபாவுல உக்காந்துட்டான். வெளிய போடான்னுட்டாங்க." இதைவிடத் தெளிவாக எனக்கு யாரும் விளக்கியதில்லை.

அவருடைய அணி ஒன்று உண்டு. கடல் கடந்த ஒரு குட்டி நாட்டின் அணி. அதன் பெயரைச் சொல்ல அவர் நாக்கு வளையவில்லை. 'மஞ்சச் சட்டை' என்றே சொல்வார். ரேடியோவில் சட்டையின் நிறம் எப்படித் தெரிந்தது என்று கேட்டால், "குரல்லயே தெரியும் சார்" என்று ஒரே போடாகப் போட்டுவிடுவார். அந்த அணி ஜெயித்து நான் கேட்டது மூன்று தடவையோ நான்கு தடவையோதான். அவர்களைப் போய் ஏன் பிடித்துக்கொண்டார்? அவர் கேட்ட முதல் ஆட்டத்தில் அவர்கள் ஏழு கோல் வாங்கியிருக்கிறார்கள். "ஏழு வாங்கினவன் எட்டாவதுக்கும் பாய்ஞ்சான் சார் அந்த கோல்கீப்பர். ஆட்டம் முடிய ஒரு நிமிஷம் இருக்கு, தோத்தாச்சு, எவன் கேக்கப் போறான்? ஆனாலும் பாய்ஞ்சான். அவன விட்டுட்டு எப்படி சார் வேற ஆளுகூடப் போறது?"

இரண்டு வருஷமாக ரேடியோவின் சத்தம் ஏறிக்கொண்டே வந்தது. பக்கத்து மருந்துக்கடைக்காரர் ஒருநாள் இரண்டு காதிலும் பஞ்சை அடைத்துக்கொண்டு சண்டைக்கு வந்தார். "எழுபதாயிரம் பேர் கத்தறான் சார் ஸ்டேடியத்துல. மெதுவா கத்துங்கப்பான்னு நான் போய்ச் சொல்ல முடியுமா?" என்று ரெஃப்ரீ அவரைத் திருப்பி அனுப்பிவிட்டார். அதே சமயத்தில்தான் ரேடியோவின் தலையில் ஓர் அலுமினியக் கிண்ணமும் வந்து உட்கார்ந்தது, விளிம்பு வரை தண்ணீரோடு. ஷேவிங்குக்கு அதிலிருந்து ஒரு சொட்டு எடுக்கமாட்டார். பிரஷ் நனைக்கக் குழாய்க்குத்தான் நடப்பார். "அதத் தொடாதீங்க, அது இருந்தாத்தான் ஸ்டேஷன் நல்லா இழுக்கும்." இழுக்கட்டும், நமக்கென்ன என்று விட்டுவிட்டேன். என் மண்டையில் அப்போது ஒன்றும் உறைக்கவில்லை.

எட்டு மாதத்துக்கு முன் ஒரு மத்தியானம். ஏறாத நாற்காலியில் ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார், இன்னொன்றில் நான். ரேடியோ திடீரென்று அலறியது. ரெஃப்ரீ கத்தியை உயர்த்தி, "கோல்! மஞ்சச் சட்டை போட்டான் சார்!" என்று ஒரு குதி குதித்தார். கோல் போட்டது எதிரணி. வர்ணனையாளர் இரண்டு தடவை பெயரோடு சொல்லியிருந்தார். "யோவ், அடிச்சது அவங்கய்யா!" என்றார் வாத்தியார், ரெஃப்ரீயின் முதுகுக்குப் பின்னாலிருந்து. ரெஃப்ரீ திரும்பவே இல்லை. சந்தோஷத்தில் என் தலைக்கு இலவசமாக ஒரு மாலிஷ் ஆரம்பித்தார். அப்போதுதான் ரேடியோ மேலிருந்த கிண்ணம் என் கண்ணில் பட்டது. தண்ணீர் வளையம் வளையமாக நடுங்கிக்கொண்டிருந்தது. கூட்டம் கத்தினால் தண்ணீர் ஆடும். கோல் விழுந்தது என்று அது சொல்லும்; யார் போட்டது என்று அதற்குச் சொல்லத் தெரியாது. கண்ணாடியில் வாத்தியாரும் நானும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். ரெஃப்ரீயின் விரல்கள் என் தலையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தன. எனக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. சீயக்காய் கண்ணில் பட்டதென்று சொல்லவும் வழியில்லை, மாலிஷ்தானே நடந்துகொண்டிருந்தது.

அன்று ரெஃப்ரீயின் மனைவி சாப்பாட்டுத் தூக்கோடு வந்தார். ஆஸ்பத்திரியில் படுக்கை விரிப்புகளை மடித்து அடுக்கும் வேலை அந்த அம்மாவுக்கு. மடிப்புக் கலையாத பேச்சு. வாசலிலேயே என்னை நிறுத்தினார். "தெரிஞ்சிடுச்சாண்ணே? மூஞ்சியே சொல்லுது. தயவுசெஞ்சு வெளிய சொல்லிடாதீங்க. இவரு காதுக்கு மக மெஷின் வாங்கிக் குடுத்து ஒரு வருஷமாச்சு, கத்தி வைக்கிற டிராயருக்குள்ளயே கெடக்கு. போட்டா எல்லாருக்கும் தெரிஞ்சிடுமாம். காது கேக்காதவன் கையில எவன்டி கழுத்தக் குடுப்பான்னு என்னைக் கேக்கறாரு. நான் என்னண்ணே பதில் சொல்றது?"

ரெஃப்ரீ பயந்தது நடக்காத ஒன்றும் இல்லை. மனிதர்கள் அப்படித்தான். அடுத்த தெரு இருக்கவே இருக்கிறது. இந்தக் கடை போனால் அவருக்குக் கைவேலையும் போச்சு, ரேடியோவும் போச்சு.

நானும் வாத்தியாரும் கலந்து பேசி ஒரு முடிவுக்கு வந்தோம். கடை முழுக்கக் கண்ணாடி. ரெஃப்ரீயின் கண்ணில் பழுதில்லை. கிண்ணம் பாதி சொல்லட்டும், மீதியை நம் முகம் சொல்லட்டும். மஞ்சச் சட்டை முன்னேறினால் நான் புருவத்தை உயர்த்துவேன். கோல் போட்டால் பல் தெரியச் சிரிப்பேன். கோல் வாங்கினால் இழவு வீட்டு முகம். வாத்தியாருக்கு நடிப்பு சுத்தமாக வராது. வலது புருவம் நம் கோல், இடது புருவம் எதிரி கோல் என்று தனியாக ஒரு சூத்திரம் போட்டுக்கொண்டார். அந்தச் சூத்திரம் ரெஃப்ரீக்குத் தெரியாது என்பதை முப்பத்தைந்து வருஷம் கணக்குச் சொல்லிக்கொடுத்தவர் யோசிக்கவில்லை. எந்தப் புருவம் ஏறினாலும் நல்ல சேதி என்று ரெஃப்ரீ எடுத்துக்கொள்ள, அந்த வாரச் சந்தோஷத்தில் பாதி தலைகீழ் சந்தோஷம்.

மற்றபடி ஓடியது வண்டி. அவர் கிண்ணத்தைப் பார்ப்பார், கண்ணாடியில் எங்களைப் பார்ப்பார், பிறகு கடைக்கு வந்தவர்களுக்கு ஆட்டத்தைச் சொல்வார். முன்பைவிட நன்றாகவே சொன்னார் என்பேன். தெரியாத இடங்களைத் தன் கைச்சரக்கால் நிரப்பினார். எதையும் அவர் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை. எட்டு மாதமாக மழிக்க முகத்தில் முடியே இல்லாத நாளில்கூட நான் அங்கே போய் உட்கார்ந்தேன். "நேத்துதானே பண்ணீங்க?" என்பாள் என் மனைவி. இன்றைக்கு ஆட்டம் இருக்கிறது என்பேன்.

போன வாரம் வந்தது அந்த ஆட்டம். மஞ்சச் சட்டை தன் சொந்த மைதானத்தில் ஆடியது. டிரா செய்தாலே போதும், பெரிய போட்டிக்குள் முதன்முதலாக நுழைந்துவிடலாம். கண்ணாடி மூலையில் இந்தத் தேதியைச் சுற்றி மட்டும் சோப்பால் ஒரு வட்டம். அன்று அவர் புதுச்சட்டை போட்டிருந்தார், மஞ்சளில்.

ஒரு கோல் பின்தங்கி, கடைசி நிமிஷம். மஞ்சச் சட்டைக்குப் பெனால்டி என்றார் வர்ணனையாளர். கிண்ணத்தில் தண்ணீர் விளிம்பைத் தாண்டித் தெறித்தது. கண்ணாடியில் நான் பல்லைக் காட்டி, வாயை அகலத் திறந்து, "பெ-னால்-டி" என்று ஒலியில்லாமல் சொன்னேன். ரெஃப்ரீயின் கத்தி மேலே போயிற்று.

உதைத்தான். பந்து கம்பத்தில் பட்டு வெளியே போயிற்று. அத்தோடு ஆட்டம் முடிந்தது.

நான் சிரித்தேன். சத்தியமாக யோசித்துச் செய்ததில்லை. நாளைக் காலையில் பேப்பரில் வந்துவிடும் என்கிற அறிவுகூட இல்லாமல் என் முகம் தானாகச் சிரித்துவிட்டது. பக்கத்தில் வாத்தியார் இரண்டு புருவங்களையும் ஒன்றாகத் தூக்கி நின்றார்.

"கோ..." என்று வாய் திறந்தார் ரெஃப்ரீ. அப்படியே கண் கிண்ணத்துக்குப் போயிற்று. தண்ணீர் அசையவில்லை. எழுபதாயிரம் பேரும் வாயடைத்துப் போயிருந்தார்கள், வர்ணனையாளரும் பேசவில்லை. கொஞ்சநேரம் தண்ணீரையே பார்த்தார். பிறகு கட்டைவிரலால் என் கன்னத்தைத் தொட்டார்.

"சிரிக்கிறீங்க சார். ஆனா கன்னம் கல்லு மாதிரி இருக்கு. பொய் சொல்ற கன்னத்துல கத்தி எறங்காது."

வாத்தியார்தான் எழுந்து, அவர் முகத்துக்கு நேரே வந்து நின்று நிதானமாகச் சொன்னார். "தோத்துட்டாங்கய்யா. கம்பத்துல பட்டு வெளிய போயிடுச்சு."

"கம்பமா?"

"கம்பம்."

"ச்சே. பாவம் சார் அந்தப் பையன். இன்னிக்கு எப்படித் தூங்குவான்?" அவர் முதலில் கேட்டது இதைத்தான். அப்புறம் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "எத்தனை நாளாத் தெரியும்?"

எட்டு விரலைக் காட்டினார் வாத்தியார். "மாசம்."

"எட்டு மாசமாத் தெரிஞ்சேவா கழுத்த நீட்டிக்கிட்டு இருந்தீங்க?"

"பின்ன எங்க போறது? அடுத்த தெருவுல கலர்ல அறுப்பான்னு நீதானய்யா சொன்ன?"

ரெஃப்ரீ சிரிக்கப் பார்த்தார். வாய் கோணிக்கொண்டு வேறெங்கோ போயிற்று. மஞ்சள் சட்டையின் தோள்பட்டையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, கத்தி டிராயரை இழுத்தார். உள்ளேயிருந்து சின்ன டப்பா ஒன்றை எடுத்தார். கண்ணாடி முன்னால், நாங்கள் இருவரும் பார்க்க, அதிலிருந்த மெஷினைக் காதில் மாட்டினார். மறுநொடி தூக்கிவாரிப் போட்டது அவருக்கு.

"அய்யய்யோ! இவ்வளவு சத்தமாவா வச்சிருந்தேன்? ஏன் சார் ஒரு வார்த்தை சொல்லல?" பாய்ந்துபோய் பற்பசை மூடியைத் திருகித் திருகிக் குறைத்தார். பக்கத்து மருந்துக்கடையில் யாரோ காலணா சைஸ் மாத்திரை எழுதிக் கொடுத்ததைப் பற்றிப் புலம்புவதுகூட எங்களுக்குக் கேட்டது. அவருக்கும் கேட்டது. தலையைச் சாய்த்து அதைக் கேட்டுக்கொண்டே நின்றார்.

என் முகத்தில் நுரை காய்ந்து இழுத்தது. நான் பின்னால் சாய்ந்து, மோவாயை உயர்த்திக் கொடுத்தேன்.

ரெஃப்ரீ குழாய்ப் பக்கம் ஓரடி வைத்தார். நின்றார். திரும்பி வந்து ரேடியோ மேலிருந்த கிண்ணத்தை இரண்டு கையாலும் இறக்கி, அந்தத் தண்ணீரில் பிரஷை நனைத்தார்.