வதீதா அடக்கிப் பேசிய காட்சி

வதீதா ஷுக்ரிக்கு ஓரிடத்தில் உட்காரத் தெரியாது. காப்பியை நின்றபடியே பாதி குடிப்பாள், மீதியை எங்கே வைத்தோம் என்று மறந்து இன்னொன்று கேட்பாள். ஒரே வருஷத்தில் ஷுப்ரா பேட்டைக்குள்ளேயே நாலு வீடு மாறினாள். இமாதுத்தீன் தெருவிலிருந்த நாடகக் கொட்டகைகளில் ஒன்பது வருஷம் வேலைக்காரியாகவும் கதாநாயகியின் தோழியாகவுமே காலம் தள்ளினாள். ஊமைப்படம் இரண்டில் தலையைக் காட்டினாள். அவளுக்கு உடை மாட்டிவிடுவது என் வேலை. முதுகுக் கொக்கியைப் போடுவதற்குள் அறையை இரண்டு சுற்று சுற்றிவிடுவாள்.

படம் பேச ஆரம்பித்த பிறகு அவளுக்கு ஒரு காட்சி கிடைத்தது. பிள்ளையைப் பறிகொடுத்த தாய். இதைச் சரியாகச் செய்தால் அடுத்த படத்தில் அவள்தான் கதாநாயகி என்று டைரக்டர் ஃபஹீம் பே (பெரிய மனுஷரை நாங்கள் 'பே' என்போம்) எல்லோர் முன்னாலும் சொல்லிவிட்டார். அவளுக்கு வயது முப்பத்து நாலு. இது போனால் இன்னொன்று வராது என்று அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

ஆகஸ்ட் மாசம். சத்தம் புகாமலிருக்க ஜன்னலெல்லாம் கம்பளி அடித்து, மின்விசிறியையும் நிறுத்திவிட்டார்கள். பக்கத்து மாடியில் ஒரு சேவல்; அதன் சொந்தக்காரியிடம் கெஞ்சி அதைக் கோணிப்பைக்குள் போட்டு வைத்தோம். மைக் பூஜாடிக்குள் ஒளிந்திருந்தது. கையிருப்பு ஃபிலிம் மூன்று தடவைக்குத்தான். அடுத்த பெட்டி கப்பலில் வரவேண்டும்.

முதல் தடவை. காலித் தொட்டிலைப் பார்த்து வதீதா சொன்னாள்: "மாரு இன்னும் கனக்குதுடா. நீ போனது அதுக்குத் தெரியல."

மேலே விளக்குப் பலகையில் உட்கார்ந்திருந்த தச்சர் தர்வீஷ் "அல்லாஹ்" என்று நீட்டி முழக்கினார். மனசைத் தொட்டதற்கு அந்த ஒரு வார்த்தைகூடச் சொல்லாதவனை எங்கள் ஊரில் மனுஷக் கணக்கில் சேர்ப்பதில்லை. மைக்குக்கு அதெல்லாம் தெரியுமா?

"யோவ் தர்வீஷ், இது என்ன நாடகக் கொட்டகையா?" என்றார் ஃபஹீம் பே.

"நான் எங்க சொன்னேன் பே, தானா வந்துடுச்சு."

அவரை வெளியே அனுப்பினார்கள். இனி வாய் திறப்பவனுக்கு வேலை கிடையாது என்றும் சொன்னார்கள்.

இரண்டாம் தடவை அவள் இன்னும் நன்றாகப் பேசினாள். நான் முக்காட்டு நுனியைக் கடித்துக்கொண்டு நின்றேன். என் மூத்தவன் மூன்றாம் மாசத்தில் போனவன். துணி எப்போது வாயிலிருந்து விழுந்ததோ, "அல்லாஹ்" என்றது என் குரல்தான். சின்னக் குரல்தான். ஒலிப்பதிவுக்காரர் காதுக் கருவியைக் கழற்றிக் கீழே வைத்தார்.

வதீதா நேரே என்னிடம் வந்தாள். அடிப்பாள் என்று நினைத்தேன்.

"அவ்வளவு நல்லாவாக்கா இருந்துச்சு?"

"கொன்னுட்டேடீ."

"அப்ப நீங்க யாரும் சும்மா இருக்கமாட்டீங்க," என்றாள். கொஞ்ச நேரம் தொட்டிலைச் சுற்றிச் சுற்றி நடந்தாள். "சரி, நான் பாத்துக்கறேன்."

மூன்றாம் தடவை, காய்கறிக்காரனிடம் விலை கேட்பதுபோல அதே வார்த்தைகளைச் சொல்லி முடித்தாள். யார் வாயிலிருந்தும் "அல்லாஹ்" வரவில்லை. "அப்பாடா, சுத்தமா வந்துடுச்சு," என்றார் ஃபஹீம் பே. அந்த ஆளுக்கு அன்று காது மட்டும்தான் இருந்தது. என் மேல் வந்த கோபத்தை இத்தனை வருஷமாக அவர் மேல் போட்டுக்கொண்டிருக்கிறேன்.

படம் வந்ததும் பகல் ஆட்டத்துக்குப் போனோம். கதாநாயகியின் பாட்டுக்கு ஜனங்கள் திரையைப் பார்த்தே "இன்னொரு தடவை" என்று கத்தினார்கள். அடுத்து வதீதாவின் காட்சி. தர்பூசணி விதை கொறிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. பின்னால் ஒருவன் சோடா கேட்டான். அடுத்த படத்துக்கு வேறு ஒருத்தியைப் பேசிமுடித்திருந்தது எங்களுக்கு அப்போது தெரியாது. ஆனால் அந்த இருட்டிலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது.

அசையாமல் உட்கார்ந்திருந்தாள். என் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"இப்ப சொல்லுக்கா," என்றாள்.

பொய்யாகவாவது அந்த ஒரு வார்த்தையைச் சொல்லியிருக்கலாம். எனக்கு வாய் வரவில்லை.