நாய்க்குளத்திலிருந்து இறங்கும் தண்ணீர்

இராஜரட்ணம் அண்ணையை மூன்று வருடம் பராமரித்தேன். கிழமையில் ஐந்து நாள், காலை ஒன்பது மணியிலிருந்து பதினொரு மணிவரை. ரொறன்ரோவில், டோர்செட் பார்க்கில் பதினோராம் மாடி. அவருக்குப் பார்க்கின்சன் நோய். கை நடுங்கும், கால் நிலத்தோடு ஒட்டிக்கொள்ளும், குரல் மாதத்துக்கு மாதம் சிறுத்துக்கொண்டு வந்தது. மனைவி சந்திரவதனா அக்காவுக்கு எழுபத்து நான்கு வயது. முழங்காலைத் தவிர எல்லாம் திடம்.

ஊரில் அவர் நில அளவைத் திணைக்களத்தில் சர்வேயர். பிறந்தது யாழ்ப்பாணம், உத்தியோகம் பதினேழு வருடமும் வன்னிக் காடு. கனடாவுக்கு வந்தபோது அந்தப் படிப்பு இங்கே செல்லாது என்று சொல்லிவிட்டார்கள். பிளாஸ்ரிக் வாளி செய்யும் தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருடம் வேலை செய்தார். "எல்லா வாளியும் ஒரே உயரம், நாயகி. அளக்க ஒண்டுமில்லை" என்று ஒருமுறை என்னிடம் சொன்னார். அந்த வேலையைப் பற்றி அவரிடமிருந்து நான் கேட்டது அவ்வளவுதான்.

படுக்கையறையில் சாமிப்படத்துக்குப் பக்கத்தில் ஒரு பெரிய வரைபடம் ஒட்டியிருந்தது. முதல் நாள் பார்த்தபோது யாரோ ஒரு ராட்சதனின் கைரேகை என்று நினைத்தேன். அது வேல்ஸ் நாட்டின் வடக்கில் இருக்கும் கிளடேரை மலைத்தொடர். அவர் அங்கே ஒருநாளும் போனதில்லை.

போனவன் மகன் வினோதன். ஒரே பிள்ளை. இருபத்தாறு வயதில் மான்செஸ்டருக்கு வேலைக்குப் போனான். அங்கே நிரூபா என்ற பெண்ணோடு பழக்கம். கலியாணம் செய்வதாக இருந்தார்கள். மலையேறுவது அவளுடைய பழக்கம், அவனுக்கும் பிடித்துக்கொண்டது. மகன் ஏறும் மலையின் வரைபடத்தை இவர் தபாலில் எடுப்பித்தார். அதுவரை தகப்பனும் மகனும் ரெலிபோனில் பேசியது குளிரைப் பற்றி மட்டும். அதன் பிறகு ஒவ்வொரு ஞாயிறும் ஒரு மணித்தியாலம். அவன் நடந்த வழியை இவர் பென்சிலால் கீறி வைப்பார்.

2016 கார்த்திகையில் ஒரு சனிக்கிழமை நிரூபாவுக்குக் காய்ச்சல். அவன் தனியே போனான். பனிப்புகாரில் வழி தவறி விழுந்து இறந்தான். வயது இருபத்தொன்பது.

சந்திரவதனா அக்கா அந்தப் பெண்ணை மன்னிக்கவில்லை. "மலையைக் காட்டினவள் அவள். தான் போர்த்துக்கொண்டு படுத்துக்கொண்டு என்ர பிள்ளையைத் தனிய அனுப்பினவளும் அவள்தான்" என்பார். செத்தவீட்டுக்கு ரொறன்ரோ வந்த நிரூபாவைப் பெட்டிக்குக் கிட்டவும் விடவில்லை. அவள் ஒவ்வொரு கார்த்திகையும் ஒரு கார்ட் அனுப்புவாள். அக்கா உறையைப் பிரிக்காமல் குப்பையில் போடுவார்.

குரலுக்குப் பயிற்சி கொடுக்கும் பெண், தினமும் பதினைந்து நிமிடம் உரத்து வாசிக்க வேண்டும் என்று சொல்லியிருந்தாள். பேப்பர் கொடுத்தேன், வேண்டாம் என்றார். தேவாரம் கொடுத்தேன், மூடி வைத்தார். கடைசியில் சக்கரநாற்காலியைச் சுவருக்கு முன்னால் தள்ளிவிட்டேன். படத்தை வாசித்தார்.

"ஒக்வென் ஏரி. கடலிலயிருந்து முந்நூறு மீற்றர். அதுக்குத் தெற்கால ட்ரவன். உச்சியில இரண்டு கல்லு, ஆள் உயரம், பக்கத்துப் பக்கத்தில. சனம் ஒண்டிலயிருந்து மற்றதுக்குப் பாயுமாம்."

"விழுந்தால்?"

"விழுந்தால், நாயகி, நீர்தான் போய்க் குளிப்பாட்ட வேணும். குறுக்க பேசாதேயும்."

அப்படித்தான் அந்த மலை எனக்குப் பாடமானது. கிளைடர் வவர், ஆயிரத்தொரு மீற்றர். மேலே மண் கிடையாது, வேலிக்கு நட்ட கதியால் போலக் குத்தென நிற்கும் கற்கள். அங்கிருந்து சரளைக்கல் சரிவில் இறங்கினால் ஒரு சின்ன ஏரி. வேல்ஸ் பாஷையில் நாய்களின் ஏரி என்று பொருளாம். அண்ணை அதை நாய்க்குளம் என்பார். அதற்குக் கீழே பிசாசின் குசினி. குசினி என்றது பெயருக்குத்தான். கறுத்த பாறையில் மேலிருந்து கீழ்வரை ஒரு வெடிப்பு. அதற்குள்ளிருந்து பனிப்புகார் எழும்பினால் பிசாசு சமைக்கிறது என்பார்களாம். அதன் அடியில் இட்வல் ஏரி. படத்தில் நாய்க்குளத்துக்கும் இட்வலுக்கும் இடையே என் மூன்று விரல் அகலம்தான். உயரத்தில் முந்நூற்று நாற்பது மீற்றருக்கு மேல்.

அவருடைய விரல் எப்போதும் நாய்க்குளத்தில் நின்றுவிடும். களைத்துப்போனார் என்று நினைத்து விட்டுவிடுவேன். ஒருநாள் அக்கா உடுப்புத் தோய்க்கக் கீழே போயிருந்தார். "பிறகென்ன அண்ணை? சத்தமாச் சொல்லுங்கோ" என்றேன்.

சொன்னார்.

அந்தச் சனிக்கிழமை காலை பத்து இருபது. கென்னடி வீதியில் ஒரு கடை வாசலில் காருக்குள் இருந்தார். அக்கா உள்ளே மீன் வாங்கிக்கொண்டிருந்தார். வினோதன் மலையிலிருந்து ரெலிபோன் எடுத்தான். அங்கே பொழுதுபடப் போகும் நேரம்.

"எடுத்தவன், 'அப்பா, பனிப்புகார். கால் தெரியேல்லை. நாய்க்குளத்தில நிக்கிறன். பற்றரி முடியப்போகுது. எப்பிடி இறங்கிறது?' எண்டான். படம் வீட்டுச் சுவரில. பொலிசுக்கு ரெலிபோன் அடி எண்டு சொல்லியிருக்கலாம். சர்வேயரின்ர மகன் வழி கேட்டுப் பொலிசுக்கு அடிக்கிறதோ எண்டு நினைச்சிட்டன். தண்ணி வெளிக்கிடுற இடத்தைப் பிடி, தண்ணியோட போ, என்ன வந்தாலும் விட்டிடாத எண்டு நான் சொன்னனான்."

வன்னியில் அதுதான் சட்டம். காட்டில் வழி தவறினால் ஓடையைப் பிடித்து நட. ஓடை குளத்துக்குப் போகும், குளம் வயலுக்குப் போகும், வயலுக்கு அங்கால் ஒரு வீடு. இரண்டு தரம் அவர் அப்படித் தப்பியிருக்கிறார்.

"அங்க தண்ணி ஆக்களிட்டப் போகும், நாயகி. இந்த மலை முந்தி ஐஸ் ஆறு கிண்டின மலை. சின்னப் பள்ளத்தாக்கெல்லாம் பெரிய பள்ளத்தாக்குக்கு மேல தொங்கிக்கொண்டு நிக்கும். தண்ணி விளிம்புமட்டும் சாதுவாப் போகும். அதுக்குப் பிறகு விழும். பாதை தண்ணியை விட்டு வலப்பக்கத்தால இறங்குது. எனக்குத் தெரியும். கையில படம் இருந்தால் எனக்குத் தெரியும்."

வீட்டுக்கு வந்து சப்பாத்தும் கழற்றாமல் படத்தைப் பார்த்தார். ஓடையின் நீலக்கோடு நேரே பாறையின் கறுப்புக்குள் போனது. மகனின் ரெலிபோன் செத்துவிட்டது. நிரூபாவுக்கு அடித்து, பிசாசின் குசினிக்குக் கீழே தேடச் சொன்னார். அங்கேதான் கிடந்தான்.

"அந்த இடம் எப்பிடித் தெரியும் எண்டு அவள் கேட்கேல்லை. இண்டைக்கு வரைக்கும் கேட்கேல்லை" என்றார்.

ஆறுதல் சொல்வது என் வேலையில்லை. "அக்காவுக்குச் சொல்லப்போறியளோ?" என்றேன்.

"சொல்ல வேணும். குரல் இருக்கேக்க. அந்தப் பிள்ளை நிரூபா சும்மா பழி சுமக்குது."

அதற்கு வேண்டியதைச் செய்தேன். நடுக்கத்துக்கான குளிசை போட்டு முக்கால் மணித்தியாலத்தில் அவருடைய குரல் நன்றாக இருக்கும். நிமிர்ந்து இருக்க வேண்டும், ஒரு மிடறு தண்ணீர், பிறகு சின்னச் சின்ன வசனம். நாலே வசனம். இரண்டு கிழமை அதைத்தான் பயிற்சியாகச் செய்தோம்.

ஒரு புதன்கிழமை, அக்கா மேசையில் பயத்தங்காய் முறித்துக்கொண்டிருந்தார். அண்ணை நாலு வசனத்தையும் சொன்னார். ஒரு சொல்லும் விழுங்கப்படவில்லை. அக்காவின் கை நிற்கவில்லை.

"போன மாசம் கட்டிலுக்குக் கீழ பூனை. இப்ப இது" என்றார் என்னைப் பார்த்து. "உந்தக் குளிசை கூடிப்போச்சு."

பூனை கண்டது உண்மைதான். அந்தக் குளிசை சிலருக்கு இல்லாததைக் காட்டும்.

"இது பூனை இல்லை அக்கா. எனக்கும் சொன்னவர்."

"உமக்கும் சொன்னவரோ? அப்ப கன நாளா இருக்குது புத்தி மாறாட்டம்." ஒரு காயை எடுத்து நார் உரித்தார். "அண்டைக்குக் காருக்குள்ள வந்து ஏறி, ஆர் ரெலிபோன் எடுத்தது எண்டு கேட்டனான். 'வினோதன், சுகமா இறங்கிறான்' எண்டு சொன்னவர். கலியாணம் கட்டி நாப்பத்தொன்பது வருசம். உவர் எனக்கு ஒருநாளும் பொய் சொன்னதில்லை."

அண்ணை மறுபடி தொடங்கினார். இம்முறை குரல் பாதி வழியில் நின்றது.

"சரி, சரி. தேத்தண்ணி ஆறுது, குடியுங்கோ" என்றார் அக்கா.

வீட்டில் ஒரு பராமரிப்புக் கொப்பி இருக்கும். ஆள் என்ன சாப்பிட்டார், எப்படி இருந்தார் என்று தினமும் எழுத வேண்டும். மாறாட்டமாகப் பேசினார் என்று எழுதச் சொன்னார் அக்கா. நான் எழுதியது: "10.25. பேச்சு மெதுவாக, தெளிவாக இருந்தது. ஆள், இடம், நாள் எல்லாம் சரியாகச் சொன்னார்." அக்கா வாசித்தார். தாளைக் கிழித்து மடித்துப் பயத்தங்காய் நாரோடு போட்டுவிட்டு, கொப்பியை என்னிடம் தந்தார்.

அன்று பின்னேரமே டொக்டருக்கு அடித்துச் சொல்லிவிட்டார். என் மேற்பார்வைத் தாதிக்கு நான் விளக்கம் சொன்னேன். கூட இருப்பவர் சொல்வதைத்தான் முதலில் எடுப்போம் என்றாள். குளிசை பாதியாகக் குறைந்தது. மூன்று கிழமைக்குள் காலும் கையும் இறுகின. குரல் போய்விட்டது. பிறகு பழைய அளவுக்குக் கூட்டியும் அது திரும்பவில்லை.

கார்த்திகையில் நிரூபாவின் கார்ட் வந்தது. அக்கா அதைக் குப்பையில் போட்டபோது அண்ணை பார்த்துக்கொண்டிருந்தார். நான் அவருடைய வாயைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

அவரால் வாசிக்க முடியாததால் அதன் பிறகு படத்தை நான் வாசித்தேன். ஒக்வென், ட்ரவன், கிளைடர் வவர், நாய்க்குளம். முதல் நாள் குளத்தடியில் தண்ணீரை விட்டு வலப்பக்கம் திரும்பி, பாதையால் இட்வல் ஏரிக்கு இறங்கினேன். அண்ணை தொண்டைக்குள் ஒரு சத்தம் போட்டார். நிறுத்தினேன். இல்லையென்று தலையை அசைத்தார். அது நடுக்கமில்லை, மூன்று வருடம் பார்த்த எனக்கு வித்தியாசம் தெரியும். திரும்ப நாய்க்குளத்துக்கு வந்தேன். அன்றிலிருந்து, வினோதன் போன வழியால், தண்ணீரோடுதான் வாசித்தேன்.