மாமன் மகனோடு ஒரு திருட்டுக் காதல்

காதல் கதை என்றால் குறுக்கே ஓர் அப்பா நிற்க வேண்டும். கல்லூரி நாட்களில் நான் போனில் படித்துத் தள்ளிய தொடர்கதைகள் எல்லாம் அப்படித்தான். வேறு சாதி, வேறு மதம், குடும்பப் பகை என்று ஏதாவது ஒன்று தடுக்கும், நான் மூக்கைச் சிந்துவேன். எனக்கு வாய்த்ததோ புவனகிரியில் இருந்த சொந்த மாமன் மகன். முறைப் பையன். நாங்கள் காதலிக்கிறோம் என்றால் ஊரில் ஒருவர்கூட மூக்கில் விரல் வைக்க மாட்டார்.

முதுநகரில் எங்கள் வீட்டுக்கு அவன் வந்தால் அம்மாவே, "மச்சானுக்குக் காபி குடு" என்று என்னைத்தான் அனுப்புவாள். இதில் என்ன சுவாரஸ்யம்? அதனால் தடையை நானே உண்டாக்கிக்கொண்டேன். அவன் நம்பரை 'கேஸ் ஏஜென்சி' என்று போனில் பதிந்தேன். பஸ் ஏறிச் சிதம்பரம் போய், மேல வீதி ஓட்டலில் தனித்தனியாக நுழைந்து ஒரே மேசையில் உட்காருவோம். வீட்டில் சும்மா கிடைக்கும் காபியைத் திருட்டுத்தனமாகக் குடிக்க அவ்வளவு தூரம். அந்தப் படபடப்பு எனக்கு ரொம்பப் பிடித்திருந்தது.

"வூட்ல சொல்லிடலாமா?" என்று அவன் கேட்கும்போதெல்லாம், "இப்ப என்னா அவசரம் மச்சான்?" என்பேன்.

அக்கா கல்யாணத்தில் வந்தது வினை. பெண்ணைக் கைபிடித்து மணமேடைக்கு அழைத்துவர வேண்டியவர் தாய்மாமன். மாமா வந்த வேன் ரயில்வே கேட்டில் மாட்டிக்கொண்டது. முகூர்த்தம் தவறிவிடுமே என்று அப்பா, ஒன்றுவிட்ட மாமா ஒருவரைக் கைபிடிக்கச் சொல்லிவிட்டார். சீர்த்தட்டோடு மண்டப வாசலுக்கு வந்த மாமா அதைப் பார்த்தார். கை நனைக்காமல் திரும்பிப் போனார். அதோடு இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை அற்றுப்போனது.

நான் ஆசைப்பட்ட தடை வந்துவிட்டது. அதே ஓட்டல், அதே மேசை. படபடப்பு இல்லை, பயம்தான் இருந்தது.

"அப்பாகிட்ட கேட்டேன். அவுங்க வூட்டு வாசப்படிய மிதிச்சா நான் உனக்கு அப்பனே இல்லன்னுட்டாரு," என்றான். அச்சு அசலாகத் தொடர்கதை வசனம். கதையில் வருகிறவன் அடுத்து, ஓடிப் போகலாம் என்பான். இவன் சர்வரிடம் பில் கேட்டான்.

அடுத்த தையில் அவனுக்கு வடலூரில் பெண் எடுத்தார்கள். எங்களுக்குப் பத்திரிகை வைக்கவில்லை. அன்றைக்கு அம்மாவிடம் எல்லாவற்றையும் சொல்லி அழுதேன். திட்டுவாள் என்று நினைத்தேன். அவளும் அழுதாள்.

"முன்னாடியே சொல்றதுக்கு என்னாடி? அதுக்காவத்தான ஒவ்வொரு தடவையும் உன்கிட்ட காபி குடுத்து அனுப்புனேன்."